மாம்பலத்து அறையின் மௌனம்

போன மாதம் கே.கே. நகரில் என் வீட்டுக்கு இரண்டு தெரு தள்ளி இருக்கும் ஒரு ஸ்டூடியோவில், ஒலிப்பதிவு படிக்கும் பிள்ளைகளிடம் பேசக் கூப்பிட்டிருந்தார்கள். பேசி முடித்ததும் ஒரு பெண் எழுந்து கேட்டாள். "சார், அந்தக் காலத்துல ஒவ்வொரு எடத்துலயும் சைலன்ஸைத் தனியா ரெக்கார்ட் பண்ணுவீங்களாமே? இப்பல்லாம் மெஷினே அதைச் செஞ்சு குடுத்துடுது. எதுக்கு சார் அவ்ளோ மெனக்கெட்டீங்க?"

மற்ற பிள்ளைகள் சிரித்தார்கள். நானும் சிரித்துவைத்தேன். தொழில் தெரிந்தவன் சொல்வது போல ஏதோ பதில் சொல்லிவிட்டு, அவர்கள் கொடுத்த போண்டாவைத் தின்றுவிட்டு வீட்டுக்கு வந்துவிட்டேன். என் மனைவியும் இதையே வேறு விதமாகக் கேட்டவள்தான். "நாங்க பேசுனா உங்க காதுல ஏறாது. யாரும் பேசலைன்னா மட்டும் மெஷின் போட்டுப் பிடிப்பீங்க" என்பாள். அந்தப் பெண்ணுக்குச் சொல்லாமல் விட்ட பதில் அன்றிலிருந்து மனதை விட்டுப் போகவில்லை. அதனால் எழுதுகிறேன்.

அறுபதுகளின் கடைசியில் தியாகராய நகரில் ஒரு மாடியில் இருந்த சின்ன ஒலிப்பதிவுக் கூடத்தில் சேர்ந்தேன். முதல் சில வருடங்களைப் பற்றிச் சொல்ல ஒன்றுமில்லை. ஒயர் சுருட்டினேன், மெஷினைத் துடைத்தேன், பிளேடு வைத்து டேப்பை வெட்டி ஒட்டக் கற்றுக்கொண்டேன், விரலையும் வெட்டிக்கொண்டேன். அவ்வளவுதான்.

எங்கள் தலைமை ஒலிப்பதிவாளர் ராகவாச்சாரி மயிலாப்பூர்க்காரர். மடிப்புக் கலையாத வேட்டி, முழுக்கைச் சட்டை. வேலைக்கு இறங்கும்போது இருமல் வரக்கூடாது என்று வாயில் ஒரு கிராம்பை அடக்கிக்கொள்வார். கைக்கடிகாரத்தைக் கழற்றிக் கைக்குட்டையில் சுற்றிப் பைக்குள் வைப்பார். செருப்பை வாசலோடு விடுவார். யாரையும் பாராட்ட மாட்டார், திட்டவும் மாட்டார். வேலை சரியில்லை என்றால் டேப்பை மறுபடி ஓடவிட்டு நம் முகத்தையே பார்த்துக்கொண்டிருப்பார். அதற்கு நாலு அறை வாங்கிவிடலாம்.

அவருடைய சட்டம் ஒன்றுதான். ஒரு வீட்டில் போய் யாருடைய பேச்சையாவது பதிவு செய்தால், முடிந்தபின் எல்லோரையும் அப்படியே நிறுத்திவைத்து, யாரும் பேசாத அந்த அறையையும் பதிவு செய்ய வேண்டும். படத்தொகுப்பில் பேச்சை வெட்டும்போது வெட்டிய இடத்தில் ஓட்டை விழும். ஓட்டை என்றால் செவிடாகிப் போனது மாதிரி ஒரு வெறுமை. அதில் அதே அறையின் மௌனத்தை வைத்துத்தான் அடைக்க முடியும். அடையாறு வீட்டின் மௌனம் மயிலாப்பூர் வீட்டுக்குச் சேராது. ஒன்றில் காற்றும் தென்னங்கீற்றும் இருக்கும், இன்னொன்றில் பக்கத்து வீட்டுக் குழாய் சொட்டும்.

"பேச்சை விட்டுட்டு வந்தாலும் மன்னிச்சுடுவேன்டா. அந்த எடத்தோட மௌனத்தை எடுத்துண்டு வராம ஆத்துக்குக் கிளம்பாதே" என்பார்.

அதை எடுக்கும்போது மட்டும் அவர் வேறு ஆளாகிவிடுவார். எழுந்து நின்று வலது கையை உயர்த்தி, போலீஸ்காரர் மாதிரி ஒரு அதட்டல் போடுவார். "யாரும் அசையப்படாது! நிக்கறவா நின்ன எடத்துலயே நில்லுங்கோ! நான் கையை இறக்கற வரைக்கும் ஒரு சத்தம் வரப்படாது!" ஒருமுறை பாண்டி பஜாரில் ஒரு ஜவுளிக்கடை முதலாளி, காபி டம்ளரை வாய்க்குப் பாதி தூரம் கொண்டுபோன நிலையில் மாட்டிக்கொண்டார். கை இறங்கும்வரை டம்ளரும் இறங்கவில்லை, ஏறவும் இல்லை. அதட்டினால்தான் ஜனங்கள் அடங்குவார்கள் என்பது எங்கள் தொழிலில் எல்லோருக்கும் படிந்துபோன வழக்கம். நான் தனியாக வெளி வேலைக்குப் போக ஆரம்பித்தபோது அந்தக் கையையும் அதட்டலையும் அப்படியே எடுத்துக்கொண்டு போனேன்.

எழுபதுகளின் தொடக்கத்தில் பிலோமினா டீச்சர் எங்கள் கூடத்துக்கு வந்தார். சாந்தோம் பக்கம் ஒரு பள்ளிக்கூடத்தில் வேலை. வயது நாற்பதை நெருங்கிக்கொண்டிருந்தது. ஈஸ்டருக்கு முந்திய தவக்காலத்தில் மாதா கோயில் வளாகத்தில் நடக்கும் பாஸ்கா நாடகத்தில், சிறுமியாக இருந்தபோதிலிருந்தே நடித்தவர். இயேசு சிலுவை சுமந்து போகும் நாடகம் அது. டீச்சர் சில வருடங்களாக அதே கோயிலின் பங்கு மண்டபத்தில் வேறொன்றைச் செய்துகொண்டிருந்தார். தோளில் ஒரு சிலீப்பர் கட்டை. ரயில் தண்டவாளத்துக்கு அடியில் போடுவார்களே, அதுதான். அதைச் சுமந்துகொண்டு மேடையின் ஒரு கோடியிலிருந்து மறுகோடிக்கு நடப்பார், விழுவார், எழுவார், மறுபடி நடப்பார். பேச்சே கிடையாது. முதல் முறை பார்த்தபோது எனக்குப் பின்னால் உட்கார்ந்திருந்த ஒரு பெரியவர், "சிலுவைக்குப் பதிலா ரயில் கட்டையா? நல்லா கீது போ" என்று எழுந்து போய்விட்டார். எனக்கும் முதலில் ஒன்றும் புரியவில்லை. ஆனால் அந்தக் கட்டை தரையில் விழும் சத்தம் மட்டும் வீட்டுக்கு வந்தபிறகும் காதைவிட்டுப் போகவில்லை.

டீச்சர் கைக்குழந்தையாக இருந்தபோது அவருடைய அப்பா மலேயாவுக்கு ரப்பர் தோட்டத்தில் கிராணி வேலைக்குப் போனார். கிராணி என்றால் கணக்குப்பிள்ளை. பிறகு சண்டை வந்தது. ஜப்பான்காரர்கள் மலேயாவைப் பிடித்துக்கொண்டு, சயாமிலிருந்து, அதாவது இன்றைய தாய்லாந்திலிருந்து, பர்மாவுக்குக் காட்டு வழியே ரயில் பாதை போட ஆரம்பித்தார்கள். தோட்டங்களில் இருந்த தமிழர்களை லாரி லாரியாக ஏற்றிக்கொண்டு போனார்கள். போனவர்களில் திரும்பி வந்தவர்கள் கொஞ்சம் பேர். அப்பா வரவில்லை. செத்தார் என்ற சேதியும் வரவில்லை.

அதுதான் டீச்சர் வீட்டின் துக்கம். அவருடைய அம்மா ஒவ்வொரு வருடமும் நவம்பர் மாதம் கல்லறைத் திருநாளுக்குப் போவார். தன் அப்பா அம்மாவுக்கு, செத்துப்போன தங்கைக்கு, எல்லோருக்கும் மெழுகுவத்தி ஏற்றுவார். கணவருக்கு மட்டும் ஏற்ற மாட்டார். கோயிலில் இறந்தோர் பெயர்களை வாசித்துப் பூசை வைக்கும்போது அவர் பெயரைக் கொடுக்க மாட்டார். கழுத்தில் சிலுவை பொறித்த தாலி, ஞாயிற்றுக்கிழமை தலையில் பூ. "உயிரோட இருக்கறவருக்கு நான் எப்படிம்மா மெழுகுவத்தி வெப்பேன்? இல்லைன்னு யாராவது சொன்னா வெக்கிறேன்" என்பாராம். இல்லை என்று சொல்ல ஓர் ஆளைத் தேடித்தான் டீச்சர் படம் எடுக்கக் கிளம்பினார். சயாமிலிருந்து திரும்பி வந்தவர்களைக் கண்டுபிடித்து, அவர்களைப் பேசவைத்து ஓர் ஆவணப்படம். உறவுக்காரர் வின்சென்ட் கேமரா, நான் ஒலி.

மூன்று நான்கு பேரைப் பதிவு செய்தோம். திருவான்மியூரில் ஒருவர் கோயில் குளத்தங்கரையில் உட்கார்ந்து, மழையையும் காலராவையும் பற்றி யாருக்கோ நடந்ததைப் போலச் சொன்னார். எல்லோரிடமும் டீச்சர் அப்பாவின் புகைப்படத்தைக் காட்டுவார். எல்லோரும் உதட்டைப் பிதுக்குவார்கள். ஒருவர் மட்டும், "மாம்பலம் ஸ்டேஷனாண்ட சைக்கிள் ஸ்டாண்டு வெச்சினுக்கீறாரு வேலாயுதம். அவரு இருந்த கேம்ப்புல ஒரு கிராணி இருந்தாருன்னு சொல்லுவாங்க. ஆனா அவரு வாயத் தொறக்க மாட்டாரும்மா" என்றார்.

வேலாயுதம் ஒல்லியான, உயரமான மனிதர். ரயில் நிலையத்தை ஒட்டிச் சைக்கிள் ஸ்டாண்டு. அதன் பின்னால் ஓடு போட்ட ஒற்றை அறையில் குடித்தனம். தினமும் ஆயிரம் பேர் ரயிலேறுவதைப் பார்த்துக்கொண்டிருப்பவர், தான் ஒருநாளும் ஏறியதில்லை. மனைவி கன்னியம்மா சொன்னார். "செங்கல்பட்டுல மச்சான் கண்ணாலம். நான் ரயில்ல போய்ட்டேன். இந்த மனுசன் பஸ் மாறி மாறி வந்து சேர்றதுக்குள்ள பந்தியே முடிஞ்சிபோச்சு. ஏன்னு கேட்டா பதிலே கெடயாது."

டீச்சர் பல தடவை போய்ப் பேசியபின், கடைசியில் ஒரு பகல்வேளையில் வேலாயுதம் உட்காரச் சம்மதித்தார். கயிற்றுக் கட்டிலில் அவர், எதிரே முக்காலியில் டீச்சர், கதவோரம் வின்சென்ட், மூலையில் தோளில் மெஷினோடு நான். கன்னியம்மா அடுப்படியில் நின்றார். மின்சார ரயில் கடக்கும்போதெல்லாம் நிறுத்தி நிறுத்தி எடுக்க வேண்டியிருந்தது. டீச்சர் கேள்விமேல் கேள்வி கேட்டார். பதில் வந்தால்தானே.

"இன்னாம்மா சொல்றது? போனோம். வந்தோம்."

"அங்க என்ன வேலை குடுத்தாங்க?"

"மண்ணு வெட்டுனோம். கட்ட தூக்குனோம்."

கடைசியில் டீச்சர் புகைப்படத்தை நீட்டினார். தொப்பி வைத்த ஒரு மனிதர், ரப்பர் மரத்தில் சாய்ந்து நிற்கிறார். "இவரைத் தெரியுமா? என் அப்பா."

வேலாயுதம் அதை வாங்கவில்லை. குனிந்து பார்த்தார். நிமிர்ந்தார்.

"தெரியாது."

டீச்சர் படத்தைப் பைக்குள் வைத்துக்கொண்டார். அவர் முகத்தைப் பார்க்க எனக்குச் சங்கடமாக இருந்தது. வின்சென்ட் கேமராவை நிறுத்தி மூடியைப் போட்டார். எல்லாம் முடிந்தது, மிச்சம் என் வேலை மட்டும். எழுந்து நின்று கையை உயர்த்தினேன்.

"யாரும் அசையக் கூடாது! நிக்கிறவங்க நின்ன இடத்துலயே நில்லுங்க! நான் சொல்ற வரைக்கும் சத்தம் வரக் கூடாது!"

அறை அடங்கியது. காதில் மாட்டியிருந்த ஹெட்போனில் ஓட்டுக்கு மேல் காக்கை நடப்பது கேட்டது. வெளியே யாரோ ஒரு சைக்கிளின் ஸ்டாண்டைத் தட்டிவிட்டார்கள். பிறகு கட்டில் கயிறு முனகியது. ஆளை அடக்கலாம் என்று திரும்பினேன்.

வேலாயுதம் எழுந்து நின்றுகொண்டிருந்தார். இரண்டு கைகளும் தொடையோடு ஒட்டியிருந்தன. மோவாய் நிமிர்ந்திருந்தது. கண் எங்களில் யாரையும் பார்க்கவில்லை. உதடு அசைந்தது.

"இச்சி. நீ. சான். சீ. கோ."

எனக்கு அது என்ன பாஷை என்றே தெரியவில்லை. டீச்சருக்குத் தெரிந்துவிட்டது. சயாமிலிருந்து வந்த மற்றவர்கள் அவரிடம் சொல்லியிருந்தார்கள். முகாமில் விடிவதற்கு முன் வரிசையில் நிறுத்தி, ஜப்பான் மொழியில் எண்ணச் சொல்வார்களாம். அவரவர் எண்ணை அவரவர் சொல்ல வேண்டும். எண்ணிக்கை குறைந்தால் வரிசைக்கே அடி.

"ரொக்கு" என்று வேலாயுதம் உரக்கச் சொன்னார். ஆறு. பிறகு முகத்தைக் கொஞ்சம் சாய்த்து, வேறொரு குரலில், மெலிந்த இன்னொரு மனிதரின் குரலில், "சிச்சி" என்றார். ஏழு. மறுபடி "ரொக்கு." மறுபடி அந்த மெலிந்த குரல். "சிச்சி."

நான் கையை இறக்கியிருக்க வேண்டும். இறக்கத் தோன்றவில்லை. டேப் ஓடிக்கொண்டே இருந்தது. கன்னியம்மாதான் ஓடிவந்து அவர் தோளைப் பிடித்து உலுக்கினார். "இன்னாங்க இது? இன்னா ஆச்சு உனுக்கு? தே, என்னப் பாரு."

வேலாயுதம் கட்டிலில் உட்கார்ந்தார். டீச்சர் பக்கம் திரும்பிப் பேசினார்.

"நான் ஆறு. பக்கத்துல கிராணி, ஏழு. உங்கப்பாதாம்மா. நாலு நாளா ஜொரம். மழ. இருட்டு. பின்வரிசைல நிக்கிறோம். ஜப்பான்காரன் அசையக் கூடாதுன்ட்டான். எண்ண ஆரம்பிக்கசொல்லோ அவரு சாஞ்சிட்டாரு. என் கால் மேலதான் தல. நான் அசையல. ஆறு சொன்னேன். ஏழையும் நானே சொன்னேன், அவரு கொரல்ல."

டீச்சர் படம் இருந்த பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டார்.

"எண்ணி முடிச்சி குனிஞ்சி பாக்குறேன், உசுரு இல்ல. சாயசொல்லோவே போச்சா, கால் மேல கெடக்கசொல்லோ போச்சா, தெரியாது. குனிஞ்சி தூக்கியிருந்தா பொழச்சிருப்பாரோ இன்னாவோ. நான் அசையலம்மா."

"என்கிட்டகூட ஒரு வார்த்த சொல்லலியே" என்று கன்னியம்மா அழுதார்.

டீச்சர் முக்காலியிலிருந்து இறங்கித் தரையில் உட்கார்ந்தார். "எந்தக் கால்?" என்று கேட்டார்.

"இத்தான். லெப்ட்டு."

டீச்சர் தன் கையை அந்தப் பாதத்தின்மேல் வைத்து அப்படியே இருந்தார். அந்த நேரம் பார்த்து ஒரு ரயில் கடந்து போனது. வழக்கமாக ரயில் வந்தால் பல்லைக் கடிப்பேன். அன்றைக்கு அது இன்னும் கொஞ்சம் நீளமாக இருக்கக் கூடாதா என்று இருந்தது. நான் அழுதுகொண்டிருந்தேன். அது மெஷினில் பதிவாகிவிடக் கூடாது.

கிளம்பும்போது வேலாயுதம் கேட்டார். "உங்கம்மா கீறாங்களா?"

"இருக்காங்க."

"அவங்களுக்கு இது வாணாம்மா. தெரியாதுன்னு சொன்னேன் பாரு, அதுவே இருக்கட்டும்."

மறுநாள் கூடத்தில் டேப்பை ராகவாச்சாரிக்குப் போட்டுக் காட்டினேன். டீச்சரும் இருந்தார். முழுவதையும் கேட்டுவிட்டு, கிராம்பை வாயிலிருந்து எடுத்துக் காகிதத்தில் மடித்துவைத்தார். அவர் அப்படிச் செய்து நான் பார்த்ததில்லை.

டீச்சர் தன் நெஞ்சில் இருந்ததைக் கொட்டினார். "சார், இதுக்காகத்தான் இத்தனை வருஷமா அலைஞ்சேன். இதை அம்மா கேட்டா அப்பாவுக்கு ஒரு பூசை வெப்பாங்க. ஒரு மெழுகுவத்தி ஏத்துவாங்க. கேக்கலைன்னா சாகிற வரைக்கும் வாசலைப் பாத்துக்கிட்டே இருப்பாங்க. ஆனா அவர் வேணாங்கிறார். நான் என்ன பண்ணட்டும்?"

ராகவாச்சாரி யாருக்கும் யோசனை சொல்பவர் இல்லை. டேப்பைச் சுற்றி டப்பாவில் வைத்துவிட்டுத்தான் சொன்னார். "படம் உங்களோடது. அப்பா உங்களோட அப்பா. ஆனா குரல் அவரோடதும்மா. அவர் கொடுக்காததை நாம எடுத்துண்டுடப்படாது."

டீச்சர் அன்று பையை எடுத்துக்கொண்டு கிளம்பிவிட்டார். சில நாள் கழித்து வந்து, வேலாயுதம் எண்ணியதையும் பேசியதையும் வெட்டச் சொன்னார். வெட்டிய துண்டை என்னிடம் கேட்டு வாங்கிக்கொண்டார். பிறகு என்ன செய்தாரோ, நான் கேட்கவில்லை. ஆனால் "தெரியாது" என்ற சொல்லுக்கு அப்புறம் அந்த அறையின் மௌனத்தை வைக்கச் சொன்னார். "அவர் எழுந்து நின்ன நேரம் முழுக்க வேணும் சார். குறைக்காதீங்க." என்னிடம் இருந்ததோ அவர் எழுவதற்கு முந்திய கொஞ்ச நேரம். காக்கை நடப்பதும், கட்டில் முனகுவதும். அதைப் பிரதி எடுத்து, ஒட்டி ஒட்டி நீட்டினேன். திரையில் அந்த இடத்தில் வெறும் கறுப்பு. கேமராதான் மூடியிருந்ததே. என் தொழிலில் நான் மிகவும் பொறுமையாகச் செய்த வேலை, யாரும் ஒன்றும் பேசாத அந்தத் துண்டுதான்.

படத்தைப் பங்கு மண்டபத்தில் காட்டினார்கள். வேலாயுதம் வரவில்லை, கன்னியம்மா வந்து கடைசி வரிசையில் உட்கார்ந்தார். டீச்சரின் அம்மா முன்வரிசையில், தலையில் மல்லிகை. வேலாயுதம் திரையில் "தெரியாது" என்றார். திரை கறுத்தது. டீச்சர் மேடையில் வந்து நின்றார். தோளில் கட்டை இல்லை. கைகள் தொடையோடு, மோவாய் நிமிர்ந்து. ஓரத்து விளக்கின் மங்கலில் நின்றார், அசையவில்லை. கூட்டம் நெளிந்தது, யாரோ செருமினார்கள், ஃபிலிம் அறுந்துவிட்டது என்று ஒரு பேச்சு எழுந்து அடங்கியது. நான் ஒலிபெருக்கியில் அந்த அறையைக் கேட்டுக்கொண்டிருந்தேன். கட்டில் முனகியது. டீச்சரின் இடது பாதம் மட்டும் லேசாக உள்வாங்கியது, மேலே ஏதோ பாரம் விழுந்தது போல. அவ்வளவுதான்.

முடிந்ததும் ஒயரைச் சுருட்டிக்கொண்டிருந்தேன். டீச்சரின் அம்மா என் அருகே வந்தார்.

"தம்பி, நீங்கதானே சத்தம் பிடிக்கிறவரு?"

"ஆமாம்மா."

"அந்த மனுஷன் தெரியாதுன்னு சொல்லிட்டாரு. சரி. தெரியாதுன்னு சொன்னதுக்கப்புறம் ஏன் அவ்ளோ நேரம் யாருமே பேசல?"

அது வெறும் அறை மௌனம், நாங்கள் எல்லா இடத்திலும் எடுப்போம் என்று சொல்ல வாயைத் திறந்தேன். வரவில்லை. அவர் என் முகத்தைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு "வேலையைப் பாருங்க தம்பி" என்று என் கையைத் தட்டிவிட்டுப் போனார்.

அதற்குப் பிறகு எந்த வீட்டிலும் நான் அதட்டியதில்லை. "கொஞ்ச நேரம் பேசாம இருப்போமா?" என்று கேட்பேன். வேலைக்குச் சில நிமிடம் கூடுதலாகும், ஆகட்டும். வேலாயுதத்தின் ஸ்டாண்டில் நெடுநாள் சைக்கிள் விட்டிருக்கிறேன். அந்தப் பேச்சை அவர் எடுத்ததே இல்லை. "இன்னா நைனா, டோக்கன் பத்தரம்" என்பார், அவ்வளவுதான்.

அந்த வருடம் நவம்பர் பிறந்ததும் டீச்சர் கூடத்துக்கு வந்தார். "அம்மா இந்தத் தடவை ஒரு மெழுகுவத்தி அதிகமா வாங்கிட்டு வரச் சொல்றாங்க சார். யாருக்குன்னு கேட்டேன். அப்பாவுக்குங்கிறாங்க. நான் எதுவுமே சொல்லல சார், சத்தியமா சொல்லல."

கல்லறைத் திருநாளன்று நானும் போனேன். கல்லறைத் தோட்டம் முழுக்க வெளிச்சமும் பூவுமாக இருந்தது. டீச்சரின் அப்பாவுக்கு அங்கே கல்லறை கிடையாது. அதனால் நடுவில் இருந்த பெரிய சிலுவையின் அடியில் இடம் பார்த்தார்கள். அம்மா தலையில் பூ இல்லை. கடற்காற்று விடாமல் அடித்தது. ஏற்ற ஏற்ற அணைந்தது. அம்மா தீக்குச்சியைக் கிழித்துக்கொண்டே மகளை இழுத்துக் காற்று வரும் பக்கம் நிறுத்தினார்.

"இங்க நில்லுடி. அசையாதே. அணைஞ்சிடும்."

மெழுகு உருகி முடியும்வரை டீச்சர் அசையவில்லை.